வால்பாறையில் நாங்கள் பார்த்த சிவப்பு நட்சத்திரம்

வால்பாறையிலிருந்து திரும்பி எட்டு நாள் ஆகிறது. பாப்பா இன்னும் ராத்திரியில் பாத்ரூமுக்குத் தனியாகப் போக மாட்டேன் என்கிறாள். அங்கே அன்றன்றைக்கு நோட்டில் குறித்து வைத்ததைப் பார்த்துத்தான் இதை எழுதுகிறேன். மலையில் வீடு எடுத்துத் தங்கலாம் என்று நினைக்கிற குடும்பங்கள் இதைப் படிக்க வேண்டும் என்பது என் ஆசை.

போனது ஐந்து பேர். நான், என் வீட்டுக்காரர், எட்டாம் வகுப்பு படிக்கும் பையன், ஆறு வயதுப் பாப்பா, என் மாமியார். மாமியாரை நான் அத்தை என்றுதான் கூப்பிடுவேன். சொந்தக் கார். அரையாண்டு விடுமுறை.

டிசம்பர் 25, 2024, புதன்

விடியற்காலை ஐந்தே காலுக்கு மதுரையை விட்டுக் கிளம்பினோம். பழனிக்குக் கொஞ்சம் முன்னால் ஒரு கடையில் பொங்கலும் வடையும். மார்கழி மாதம் என்பதால் கடை முழுக்கக் கறுப்பு வேட்டி சாமிமார்கள். நாங்கள் இடம் தேடுவதைப் பார்த்ததும் இரண்டு சாமிகள் எழுந்து அத்தைக்கும் பாப்பாவுக்கும் பெஞ்சை விட்டுவிட்டு, தட்டைக் கையில் வைத்துக்கொண்டு நின்றபடியே சாப்பிட்டார்கள். பொங்கல் 50 ரூபாய். மிளகு தாராளம்.

உடுமலை, பொள்ளாச்சி வழியாக ஆழியாறு வந்தபோது பதினொரு மணி. அணைப் பக்கம் மீன் கடைகள். மசாலா தடவி அடுக்கி வைத்திருக்கும் ஜிலேபி மீனை நாம் கைகாட்டினால் பொரித்துத் தருகிறார்கள். ஒரு மீன் 80 ரூபாய். முள் கொஞ்சம் அதிகம், ஆனால் அன்றைக்குப் பிடித்த மீன் என்பது முதல் வாயிலேயே தெரிந்துவிட்டது. பையன் மூன்று தின்றான்.

செக்போஸ்டில் வண்டியைத் திறந்து பார்த்து, பிளாஸ்டிக் தண்ணீர் பாட்டில்களை எடுத்து வைத்துக்கொண்டார்கள். காக்கிச் சட்டை போட்ட பெரியவர் ஒருவர் குனிந்து பின்சீட்டில் பாப்பாவைப் பார்த்தார். "எங்க தங்கறீங்க சார்?" என்றார். என் வீட்டுக்காரர் சொன்னார். பெரியவர் ஒரு நொடி பேசாமல் இருந்துவிட்டு, "ஆறு மணிக்கு முன்னாடி வீட்டுக்குள்ள போயிருங்க. குழந்தைய வாசல்ல விடாதீங்க" என்றார். எல்லாருக்கும் சொல்கிற பேச்சு என்று நினைத்துக்கொண்டோம்.

அங்கிருந்து மேலே 40 கொண்டை ஊசி வளைவுகள். ஒவ்வொன்றுக்கும் எண் போட்ட பலகை இருக்கிறது. பையன் சத்தமாக எண்ணிக்கொண்டே வந்தான். ஒன்பதாவது வளைவில் நிறுத்தினால் ஆழியாறு அணை கீழே தாம்பாளத்தில் ஊற்றிய தண்ணீர் மாதிரி தெரிகிறது. அங்கேதான் வரையாடுகளைப் பார்த்தோம். பாறைச் சரிவில் நான்கு, ரோட்டோரச் சுவர் மேல் ஒன்று. ஒரு பையன் சிப்ஸ் பாக்கெட்டைப் பிரித்து நீட்டினான். பக்கத்தில் நின்ற வேன் டிரைவர் அவன் கையைப் பிடித்து இறக்கிவிட்டார். திட்டவில்லை. "வேணாம் தம்பி, பழகிரும்" என்று மட்டும் சொன்னார். இரண்டு நாள் கழித்து அந்தச் சொல்லின் முழு அர்த்தம் எனக்குத் தெரிந்தது.

பதினெட்டாவது வளைவில் பாப்பா வாந்தி. மேலேயிருந்து இறங்கி வந்த எஸ்டேட் பிக்கப் வண்டி தானாகவே நின்றது. ஓட்டி வந்தவர் டேஷ்போர்டிலிருந்து ஒரு எலுமிச்சம்பழத்தை எடுத்து, நகத்தால் கீறி, பாப்பா மூக்கருகே பிடித்தார். "இத மோந்துகிட்டே வா கண்ணு, கடைசி வளைவு வரைக்கும் ஒண்ணும் ஆகாது." அப்படியே ஆயிற்று.

கவர்க்கல் பக்கம் பனிமூட்டம் அப்பிக்கொண்டது. எதிரே வரும் பஸ்ஸின் விளக்கு மட்டும் மஞ்சளாக மிதந்து வந்தது. ஊருக்குள் நுழையும்போது தேவாலயங்களிலும் வீட்டு வாசல்களிலும் காகித நட்சத்திரங்கள் தொங்கின. பாப்பா அவற்றை எண்ண ஆரம்பித்தாள்.

நாங்கள் எடுத்த வீடு வால்பாறை ஊரைத் தாண்டி பன்னிரண்டு கிலோமீட்டர். கடைசி மூன்று கிலோமீட்டர் தேயிலைக்கு நடுவே எஸ்டேட் ரோடு. ஒரு நாள் வாடகை 4,500. ஓட்டுக் கூரை, நீளமான வராந்தா, முன்னால் தேயிலைச் சரிவு, பின்னால் இருபது அடி தள்ளி ஒரு வாழைக்கூட்டம். அதற்கும் பின்னால் சோலைக்காடு சுவர் மாதிரி எழுந்து நிற்கிறது. அழகான இடம், அதை மறுக்க மாட்டேன்.

பார்த்துக்கொள்ள அசாமிலிருந்து வந்த ஒரு பையன் இருந்தான். இருபது வயது இருக்கும். தமிழ் கொஞ்சம் கொஞ்சமாக வந்தது. சமையலறை ஜன்னலுக்குக் கீழே ஒரு ஆள் அகலத்துக்குச் சுவர் புதிதாகப் பூசப்பட்டிருந்தது. மேலே வெள்ளையடிக்கவில்லை. ஜன்னலில் விரல் தடிமனில் புதுக் கம்பிகள். என்ன ஆயிற்று என்று இவர் கேட்டார். பையன் தலையைக் குனிந்துகொண்டு, "குரங்கு சார்" என்றான்.

இவர் கட்டட வேலை மேற்பார்வை பார்ப்பவர். "குரங்கு செங்கலை உடைக்குமா?" என்று என்னிடம் மெதுவாகக் கேட்டார். பயணக் களைப்பு. இட்ட தோசையைச் சாப்பிட்டுவிட்டு எட்டரைக்கே படுத்துவிட்டோம். குளிருக்கு இரண்டு கம்பளி போதவில்லை.

டிசம்பர் 26, வியாழன்

காலையில் புட்டும் கடலையும் அந்தப் பையனே செய்து கொடுத்தான். நன்றாக இருந்தது.

புதுத்தோட்டம் போகும் வழியில் ரோட்டோர மரங்களில் சிங்கவால் குரங்குகள். முகத்தைச் சுற்றி வெள்ளிப் பிடரி. பலாமரக் கிளையில் உட்கார்ந்து ஒன்றுக்கொன்று பேன் பார்த்துக்கொண்டிருந்தன. வால்பாறை மாதிரி மேற்குத் தொடர்ச்சி மலையில் சில இடங்களில் மட்டும்தான் இவை உயிரோடு இருக்கின்றன. வண்டிகள் மெதுவாகப் போகச் சொல்லி ஒருவர் கொடியோடு நின்றார். கூழாங்கல் ஆற்றில் முழங்கால் அளவு தண்ணீர், பல் கிட்டும் குளிர். பிள்ளைகள் ஒரு மணி நேரம் வெளியே வரவில்லை. மதியம் ஊருக்குள் பரோட்டா, சால்னா, ஐந்து பேருக்கு 540 ரூபாய். சோலையாறு அணையைப் பார்த்துவிட்டு, ஃபேக்டரி கடையில் தேயிலைத்தூள் ஒரு கிலோ வாங்கிக்கொண்டு திரும்பினோம்.

நாலரை மணிக்கு எஸ்டேட் முக்கில் இலை எடை போடுகிற இடத்தில் நிறுத்தினோம். பெண்கள் முதுகில் சாக்கோடு வரிசையில் நின்றார்கள். அத்தை இறங்கிப் போய்ப் பேச்சுக் கொடுத்தார். அதில் ஒரு அக்கா, ஐம்பது வயதுக்கு மேல் இருக்கும், "மதுரையா? எங்க பாட்டி உசிலம்பட்டிப் பக்கந்தான். எஸ்டேட்டுக்கு ஆள் சேத்த கங்காணியோட மலையேறி வந்தவங்க" என்று அத்தையின் கையைப் பிடித்துக்கொண்டார். விரல் நுனியெல்லாம் தேயிலைக் கறை ஏறிக் கறுத்திருந்தது.

எந்த வீட்டில் தங்கியிருக்கிறோம் என்று தெரிந்ததும் அக்காவின் முகம் மாறியது. என்னைத் தனியாகக் கூப்பிட்டார். "அம்மா, நான் சொல்றேன்னு தப்பா நினைக்காதே. அஞ்சு மணிக்கு மேல பாப்பாவ வெளிய விடாதே. சிறுத்தை இருக்கு. புள்ளைங்க உசரம் அதுக்குத் தெரியும். ராத்திரி என்ன சத்தம் கேட்டாலும் கதவைத் தொறக்காதே. லைட்டு எரிஞ்சா பாத்துக்கோ." எந்த லைட் என்று கேட்பதற்குள் மேஸ்திரி கூப்பிட்டுவிட்டார். போகிற அவசரத்தில் தன் போன் நம்பரை மட்டும் சொன்னார். அத்தை தன் பழைய பட்டன் போனில் போட்டுக்கொண்டார்.

வீட்டுக்கு வந்தபோது பக்கத்து வீட்டு முன்னால் இரண்டு கார்கள். அதுவும் இதே உரிமையாளருடையது. ஆறு வாலிபர்கள், ஸ்பீக்கர் பாக்ஸ், வராந்தாவில் பாட்டில்கள். பாட்டுச் சத்தம் சோலையில் பட்டுத் திரும்பி வந்தது.

ஆறரை இருக்கும். வராந்தாவில் டீ குடித்துக்கொண்டிருந்தோம். தேயிலைச் சரிவுக்கு அந்தப் பக்கம், எஸ்டேட் முக்கு இருந்த திசையில், உயரத்தில் ஒரு சிவப்பு வெளிச்சம் விட்டுவிட்டு எரிந்தது. பாப்பா கைதட்டி, "இன்னொரு ஸ்டார்! இருபத்தேழு!" என்றாள். நேற்றிலிருந்து எண்ணிக்கொண்டிருந்தாள் அல்லவா. செல்போன் டவர் விளக்காக இருக்கும் என்றார் இவர். நானும் பார்த்துவிட்டு டீயைக் குடித்தேன்.

எட்டு மணிக்கு அசாம் பையன் வந்து எல்லாத் தாழ்ப்பாளையும் ஒவ்வொன்றாக இழுத்துப் பார்த்தான். கதவைக் காட்டி, கையைக் குறுக்கே ஆட்டி, "நஹி, அக்கா, நஹி" என்றான். அப்புறம் டார்ச்சை எடுத்துக்கொண்டு, ஓடுவது போல வேகமாக, எஸ்டேட் தொழிலாளர்கள் குடியிருக்கும் லைன் வீடுகள் இருந்த பக்கம் போனான். அவன் இங்கே படுப்பதில்லை என்பது அப்போதுதான் தெரிந்தது.

பதினொன்றே முக்காலுக்கு அத்தை என் தோளைத் தட்டி எழுப்பினார். "பின்னாடி யாரோ துணி கிழிக்கறாங்க."

ஈரத்துணியை நீளமாகக் கிழிப்பது மாதிரிதான் இருந்தது. வாழைத்தண்டு பிளக்கும் சத்தம். நடுநடுவே மெல்லும் சத்தம். மாட்டுத் தொழுவத்தில் கேட்பது போல, ஆனால் இன்னும் ஆழமாக. அப்புறம் ஒரு உறுமல். காதில் கேட்பதற்கு முன்னால், சுவரில் வைத்திருந்த என் உள்ளங்கையில் அது தெரிந்தது.

இவர் பிள்ளைகளைத் தூக்கி நடு அறையில் கட்டிலுக்கும் சுவருக்கும் இடையே உட்கார வைத்தார். நான் சமையலறைப் பக்கம் கதவு இடுக்கு வழியாகப் பார்த்தேன். பார்த்திருக்கக் கூடாது. ஜன்னல் கம்பி ஒன்று ஏற்கெனவே வளைந்திருந்தது. அந்த இடைவெளியில் துதிக்கை உள்ளே வந்து மேடையைத் தடவியது. வாசல் விளக்கு வெளிச்சத்தில் அதன் நுனி ஈரமாக, வெளிறிய ரோஜா நிறத்தில், மேல் உதட்டில் ஒரே ஒரு விரலோடு தெரிந்தது. தக்காளியைத் தொட்டது, விட்டது. டம்ளரை உருட்டியது, விட்டது. மூடி போட்ட உப்பு ஜாடியைச் சுற்றிப் பிடித்து அவ்வளவு நிதானமாகத் தூக்கிக்கொண்டு போனது. ஜாடி வெளியே உடையும் சத்தம் கேட்டது. பிறகு அரிசிச் சாக்கு. அதன் வாசனை வீடு முழுக்க நிறைந்திருந்தது. சாணமும் பச்சை இலையும் கலந்த வாசனை. கொஞ்சங்கூடத் துர்நாற்றம் இல்லை. அதுதான் எனக்கு இன்னும் பயமாக இருந்தது. அவ்வளவு பக்கத்தில் அது இருந்தது.

நாங்கள் அசையவில்லை. அது தின்றுவிட்டுப் போயிருக்கும் என்று இப்போதும் நம்புகிறேன்.

பக்கத்து வீட்டுக் கதவு திறந்தது. ஆறு பேரும் டார்ச்சோடும் செல்போனோடும் வெளியே வந்தார்கள். ஒருவன் விசிலடித்தான். ஒருவன் தட்டைத் தட்டினான். வெளிச்சம் அடித்தபோதுதான் மொத்தம் ஐந்து என்று எனக்குத் தெரிந்தது. நடுவில் ஒரு குட்டி, தாயின் வயிற்றுக்கடியில். குட்டியின் முகத்தில் வெளிச்சத்தை அடித்துப் படம் எடுத்தார்கள். ஒருவன் துண்டை ஒரு குச்சியில் சுற்றி, காரிலிருந்து பெட்ரோல் எடுக்கச் சொல்லிக் கத்தினான்.

அந்த நொடியில் எனக்கு மசினகுடிதான் ஞாபகம் வந்தது. 2021 ஜனவரியில் அங்கே ஒரு தங்குமிடத்தில் யானை மேல் எரிகிற டயரை எறிந்ததையும், காதில் தீ ஒட்டிக்கொள்ள அது இருட்டில் ஓடியதையும் நாம் எல்லாருமே வீடியோவில் பார்த்தோம். அந்த யானை செத்தேபோனது. அத்தை ஜன்னல் அருகே போய், என் வாழ்நாளில் கேட்டிராத குரலில், "டேய்! அதுக்கும் புள்ள இருக்குடா! தீய வைக்காதே!" என்று கத்தினார். குச்சியைப் பிடித்தவன் திரும்பிப் பார்த்தான்.

பெரிய யானை காதுகளை விரித்துத் தலையை உயர்த்தியதை மட்டும் பார்த்தேன். அதற்கு அப்புறம் எல்லாம் சத்தந்தான். பிளிறல், கார் தகரம் நசுங்கும் சத்தம், கண்ணாடி நொறுங்கும் சத்தம். உடனே எங்கள் கதவைப் பல கைகள் அடித்தன. "அண்ணே! தொறங்கண்ணே! அண்ணே!"

திறப்பதா வேண்டாமா? உள்ளே என் இரண்டு பிள்ளைகள். வெளியே யார் பெற்ற பிள்ளைகளோ. இவர் என்னைப் பார்த்தார். நான் தலையசைத்தேன். திறந்த வேகத்தில் ஐந்து பேர் ஒருவர்மேல் ஒருவர் விழுந்தார்கள். இவர் கதவைச் சாத்தி, டைனிங் மேசையை இழுத்து முட்டுக் கொடுத்தார். ஒருவனுக்குக் கணுக்கால் பிசகி வீங்கியிருந்தது. இன்னொருவன் பாப்பாவைவிடச் சத்தமாக அழுதான். ஆறாவது ஆள் எங்கே என்று யாருக்கும் தெரியவில்லை.

எங்கள் போன்களில் சிக்னல் இல்லை. அத்தையின் பட்டன் போனில் பி.எஸ்.என்.எல். சிம். பாத்ரூம் ஜன்னலருகே உயரத் தூக்கிப் பிடித்தால் ஒரு கோடு வந்தது. இரண்டாவது ரிங்கிலேயே அந்த அக்கா எடுத்துவிட்டார். முழித்துக்கொண்டுதான் இருந்திருக்கிறார். பிளிறல் அவர்கள் லைன் வரைக்கும் கேட்டிருக்கிறது.

"எல்லா லைட்டையும் அணைங்க. பேசாதீங்க. மெழுகுவத்திகூட வேணாம். நான் வனத்துறை வாட்சருக்குச் சொல்லிட்டேன், வந்துக்கிட்டிருக்காங்க."

நாற்பது நிமிடம் இருட்டில் உட்கார்ந்திருந்தோம். பத்துப் பேரின் மூச்சுச் சத்தம். சுவருக்கு அந்தப் பக்கம் இன்னொரு மூச்சு. பையன் என் கையைப் பிடித்திருந்தான். அவன் நகம் பதிந்த தடம் மறுநாளும் இருந்தது.

ஜீப் வந்தது. பட்டாசு வெடிப்பார்கள் என்று எதிர்பார்த்தேன். வெடிக்கவில்லை. தூரத்திலேயே நிறுத்தி, என்ஜினை மட்டும் ஓடவிட்டு, விளக்கை யானை மேல் அடிக்காமல் தேயிலைப் பக்கம் திருப்பி வைத்தார்கள். காடு இருந்த பக்கம் முழுக்க இருட்டாக, திறந்து கிடந்தது. ஒருவர் சாதாரணமாக, வீட்டு ஆளிடம் பேசுவது மாதிரி பேசினார். "போம்மா. போதும் போம்மா. புள்ளையக் கூட்டிக்கிட்டுப் போ." திரும்பத் திரும்ப அதையே. ஒன்றரை மணிக்கு வாழை இலைகள் சரசரத்தன. அப்புறம் சத்தமே இல்லை. அத்தனை பெரிய உடம்பு போவது எப்படிக் கேட்காமல் இருக்கிறது?

ஆறாவது வாலிபன் வீட்டைச் சுற்றி ஓடும் சிமெண்ட் சாக்கடையில் குப்புறக் கிடந்தான். காயம் எதுவும் இல்லை. வெகுநேரம் பேச்சு வரவில்லை.

டிசம்பர் 27, வெள்ளி

விடிந்ததும் வெளியே வந்தோம். அவர்கள் கார் ஒன்றின் பக்கவாட்டுக் கதவு உள்ளே போய்ச் சீட்டைத் தொட்டிருந்தது. எங்கள் காரில் கண்ணாடி ஒன்றுதான் போயிருந்தது. ஈர மண்ணில் ஒரு காலடித் தடத்துக்குள் பாப்பாவின் இரண்டு செருப்பையும் அகலவாட்டில் வைக்கலாம். பக்கத்திலேயே குட்டியின் தடம், சாப்பாட்டுத் தட்டு அளவுக்கு.

இரவு வந்த வேட்டைத் தடுப்புக் காவலர்களில் வயதான ஒருவர் மறுபடி வந்தார். நேராக வாழைக்கூட்டத்துக்குப் பின்னால் போனார். எங்களைக் கூப்பிட்டார். சில்வர் ஓக் மரத்தடியில் ஒரு பள்ளம், நக்கி நக்கி வழவழப்பாகியிருந்தது. அதில் கல்லுப்பு. ஓரத்தில் வாழைப்பழத் தோலும் அழுகிய காய்கறியும். அவர் உப்பைக் கையில் அள்ளிக் காட்டினார். "இது தானா வரல சார்."

அசாம் பையன் அழுதுவிட்டான். வாரத்துக்கு இரண்டு தடவை போடச் சொல்லி உத்தரவாம். போடாவிட்டால் சம்பளத்தில் பிடித்தமாம். அவனைத் திட்ட எனக்கு வாய் வரவில்லை. உப்பைப் போட்டுவிட்டு அந்த இருட்டுக்குள் தனியாக லைனுக்கு நடந்து போகிறவன் அவன்தான்.

உரிமையாளருக்கு இவர் போன் செய்தார். ஸ்பீக்கரில் நானும் கேட்டேன். மன்னிப்பு இல்லை. "கெஸ்ட் எல்லாம் யானை பாக்கத்தான சார் வர்றாங்க. ஒரு நாள் வாடகையத் திருப்பிடறேன், எங்கயும் எழுதிடாதீங்க" என்றார். அந்தப் பணத்தை நாங்கள் வாங்கவில்லை. காவலரிடம் உப்பைப் பற்றி எழுதிக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தோம்.

அதற்குள் அந்த அக்கா தூக்குப் பாத்திரத்தில் கட்டஞ்சாயாவோடு வந்துவிட்டார். எங்களைத் தன் லைன் வீட்டுக்கு அழைத்துப் போனார். இரண்டு சின்ன அறை. ஒரு சுவர் மட்டும் வேறு நிறத்தில் இருந்தது. மூன்று வருடத்துக்கு முன் ரேஷன் அரிசிக்காக யானை உடைத்த சுவர். அன்றிலிருந்து அரிசியை வீட்டில் அதிகம் வைப்பதில்லை, வாரத்துக்கு மட்டும் வாங்குகிறார். ரேஷன் கடை, சத்துணவுக் கூடம், எல்லாமே இங்கே யானைக்குத் தெரிந்த விலாசங்கள் என்றார். ரவையில் உப்புமா கிளறி, கூடவே சர்க்கரையும் வைத்தார். அத்தை 500 ரூபாயைப் பாப்பா கையில் கொடுத்துவிடச் சொன்னார். அக்கா அதைப் பாப்பாவின் சட்டைப் பையிலேயே திருப்பி மடித்து வைத்தார். நாங்கள் கொடுத்த வாடகையைக் கேட்டுவிட்டு, "ஒரு ராத்திரிக்கா? எனக்குப் பத்து நாள் கூலி" என்றார். அதில் பொறாமை எதுவும் இல்லை, கணக்கு மட்டும்தான்.

சிவப்பு விளக்கைப் பற்றி அங்கேதான் கேட்டேன். அக்காவும் அந்தக் காவலரும் மாறி மாறிச் சொன்னார்கள்.

வால்பாறைப் பீடபூமி 220 சதுர கிலோமீட்டர். நூற்று முப்பது வருடத்துக்கு முன்பு வரை முழுக்க மழைக்காடு. வெள்ளைக்காரர்கள் வெட்டித் தேயிலையும் காப்பியும் போட்டார்கள். மிச்சமிருக்கும் சோலைத் துண்டுகளும் ஆற்றோரங்களும்தான் யானைகள் இந்தக் காட்டிலிருந்து அந்தக் காட்டுக்குப் போகிற வழி. சுற்றி நாலாபுறமும் ஆனைமலைப் புலிகள் காப்பகமும் கேரளக் காடுகளும். மழை ஓய்ந்து அக்டோபரிலிருந்து பிப்ரவரி, மார்ச் வரை நடமாட்டம் அதிகம். இங்கே யானையால் இறந்தவர்களில் பெரும்பாலானவர்கள் யானை நிற்பது தெரியாமல் போய் மோதியவர்கள். பஸ்ஸிலிருந்து இறங்கி இருட்டில் வீட்டுக்கு நடந்தவர்கள். அதனால் இயற்கைப் பாதுகாப்பு அமைப்பு என்ற ஆய்வு நிறுவனத்தார் வனத்துறையோடும் எஸ்டேட்டுகளோடும் சேர்ந்து ஒரு ஏற்பாடு செய்தார்கள். சாயங்காலம் யானை எங்கே நிற்கிறது என்று உள்ளூர் கேபிள் டிவியில் எழுத்து ஓடும். போனுக்குக் குறுஞ்செய்தி வரும். எழுதப் படிக்கத் தெரியாதவர்களுக்குத் தமிழில் பேசும் அழைப்பு வரும். 2011 வாக்கில் உயரமான கம்பங்களில் சிவப்பு விளக்குகள் வைத்தார்கள். அதற்குள் ஒரு சிம் இருக்கிறது. பக்கத்தில் யானை வந்தால், அந்தந்தப் பகுதியில் பொறுப்பில் இருக்கிற ஆள் ஒரு போன் போட்டால் விளக்கு எரியும். எரிந்தால், வேலை முடிந்து வருகிறவர்கள் சுற்றுப் பாதையில் போவார்கள், அல்லது கூட்டமாகப் போவார்கள்.

அன்றைக்கு ஆறரை மணிக்கு எரிய வைத்தது யார் தெரியுமா? அந்த அக்காவின் மருமகன். ஐந்து யானைகளையும் அவர் ஓடையோரம் பார்த்திருக்கிறார். இந்த மலையில் எழுபதாயிரம் பேருக்கு அந்த வெளிச்சத்தின் அர்த்தம் தெரியும். வராந்தாவில் டீ குடித்துக்கொண்டிருந்த எங்களுக்கு மட்டும் அது நட்சத்திரம். வீட்டுக்குள் ஒரே ஒரு அட்டையில் இதை எழுதி மாட்டியிருந்தால் என்ன குறைந்திருக்கும்? விதிமுறை எழுதிய அட்டை இருந்தது. டவலில் கறை படிந்தால் 300 ரூபாய் அபராதம் என்று அதில் இருந்தது.

மதியம் வால்பாறை ஊருக்குள் பஸ் நிலையத்துக்குப் பக்கத்தில் 1,400 ரூபாய்க்கு ஒரு லாட்ஜ் எடுத்தோம். ஐந்து பேரும் ஒரே அறை. டீக்கடையில் டிவியில் மன்மோகன் சிங் மறைந்த செய்தி ஓடிக்கொண்டிருந்தது. கடைக்காரர் எங்கள் முகத்தைப் பார்த்துவிட்டு எதுவும் கேட்காமல் சுக்குக் காப்பி போட்டுக் கொடுத்தார். சாயங்காலம் அதே டிவியில் சேனலை மாற்றினார். கீழே எழுத்து ஓடியது. எந்த எஸ்டேட்டில், எந்த ஓடைப் பக்கம், எத்தனை யானை. கடையில் இருந்தவர்கள் எல்லாரும் பேச்சை நிறுத்திவிட்டுப் படித்தார்கள். இரண்டு பேர் எழுந்து, கிளாஸை வைத்துவிட்டு, சீக்கிரமே வீட்டுக்குக் கிளம்பினார்கள்.

டிசம்பர் 28, சனி

இறங்கும்போது பாப்பாவுக்கு வாந்தி இல்லை. ஒன்பதாவது வளைவில் நிறுத்தவில்லை. செக்போஸ்டில் அதே பெரியவர். இவர் இறங்கிப் போய் அவரிடம் நடந்ததைச் சொன்னார். அவர் உடைந்த கண்ணாடியைப் பார்த்தார், பின்சீட்டைப் பார்த்தார், பாப்பாவின் தலையில் கை வைத்தார். "சின்னவ நல்லாருக்காள்ல" என்றார். அவ்வளவுதான். எடுத்து வைத்த பாட்டிலையும் ஞாபகமாகக் கொண்டுவந்து கொடுத்தார்.

ஆழியாற்றில் மீன் சாப்பிட யாருக்கும் மனசு வரவில்லை. பொள்ளாச்சியில் இளநீர், 40 ரூபாய். ராத்திரி எட்டு மணிக்கு மதுரை.

ஜனவரி 5, 2025, ஞாயிறு

எழுதி முடிக்கிற நேரத்தில் அத்தையின் பட்டன் போன் அடித்தது. ஏழேகால். அந்த அக்காதான். தினமும் இந்த நேரத்துக்கு இரண்டு நிமிடம் பேசுகிறார்கள். இன்றைக்கு ஸ்பீக்கரில் போட்டார் அத்தை.

"மரத்தடியிலிருந்த உப்ப வனத்துறைக்காரங்க வெட்டி எடுத்துட்டாங்கம்மா. அந்த வீடு பூட்டியிருக்கு. அசாம் பையன் எங்க எஸ்டேட்லயே வேலைக்குச் சேந்துட்டான். இப்ப இங்க லைட்டு எரியுது, மருமகன் இன்னும் வந்து சேரல, வெச்சுர்றேன். பாப்பா சாப்பிட்டாளா?"